எட்டாவது கோரிக்கை

தொண்டியில் தோணி கரைக்கு வராது.
அரை மைல் தூரம் கடல் இடுப்பளவுதான்.
நங்கூரம் போட்டு அது அங்கேயே நிற்கும்,
அதற்குக் கால் நாங்கள்.

ரங்கூன் அரிசி. ஒன்றரை அந்தர் என்று
சாக்கில் கறுப்பு மையில் போட்டிருக்கும்.
நனைந்தால் எழுத்து மாறாது,
முதுகுக்கு மாறும்.
நிறுத்துக் கொடுங்கள் என்றோம்.
கிட்டங்கிக் கணக்கர் சிரித்தார்:
"கடலையுமாடா நிறுக்கணும்?"

அந்தச் சிரிப்புக்கு மறுநாள் சங்கம் வைத்தோம்.
சூசைமாணிக்கம் தலைவர்,
அவர் கூப்பிட்டால் தோணியில் கேட்கும்.
சீனி உதுமான் பொருளாளர்,
அவர் வீட்டுப் பெட்டிக்குத்தான் பூட்டு இருந்தது.
நாலாம் வகுப்பு வரை போனவன் நான்,
ஆகவே செயலாளர்.

ஏழு கோரிக்கை எழுதினேன்.
முதலாவது தராசு.
ஐந்தாவது, மூட்டையில் கொக்கி போடக் கூடாது:
போடச் சொல்வது மேஸ்திரி,
சாக்குக் கிழிந்தால் அபராதம் எங்களுக்கு.

பாய் சுருட்டிய தோணிகள்
வேலையில்லாமல் ஆடிக்கொண்டிருந்தன.
பனங்கிழங்கு, பிறகு
பனங்கிழங்கு அவித்த தண்ணீர்.
ஒன்பதாம் நாள் பாகம்பிரியாள் வந்தாள்,
கையில் சுளகோடு.

கிட்டங்கி கூட்டும் பெண்களுக்குக் கூலி கிடையாது.
சிந்தினது அவர்களுக்கு. அதுதான் வழக்கம்.

"அஞ்சாவதை வாசிங்க."
வாசித்தேன்.
"கொக்கி இல்லேன்னா ஓட்டை இல்ல.
ஓட்டை இல்லேன்னா எங்க வீட்டுல உலை இல்ல.
நீங்க ஜெயிச்சா பட்டினி நாங்களா?"

சூசைமாணிக்கம் கடலைப் பார்த்தார்.
பொம்பளைக்கு எதுக்குச் சங்கம்
என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.
மேசையில் இரண்டணா வைத்தாள்.
"திருவெற்றியூர்க்காரி பேரை வச்சிருக்கேன்.
பாகம் கேக்க எனக்கென்ன வெக்கம்?"

எழுதினேன். எட்டு:
கிட்டங்கி கூட்டுவோருக்கு நாள் கூலி எட்டணா.
ரசீது நூற்று நாற்பத்து மூன்று, இடது பெருவிரல்.
'தூக்கும் எடை' என்று ஒரு கட்டம் இருந்தது.
அதை விட்டுவிட்டேன்.

பதினோராம் நாள் கூப்பிட்டார்கள்.
சுங்க பங்களா, மின்விசிறி, பீங்கான் கோப்பையில் டீ.
தராசுக்குச் சரி என்றார் ஏஜெண்டு. கொக்கிக்கும் சரி.
எட்டாவதற்குப் பேனாவை மூடினார்.
"அதெல்லாம் அடுத்த தடவை."
ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம்.
அடித்தது என் கைதான்.
கோடு நேராக விழுந்தது.

விடிந்ததும் தப்பு முழங்கியது,
தராசுக்குச் சந்தனம், கதம்பமாலை.
வத்தையிலிருந்து முதல் நடை மூட்டை
முதுகேறித் தண்ணீரில் நடந்து வந்தோம்.

அலை முடியும் இடத்துக்கும் கிட்டங்கி வாசலுக்கும் நடுவே
இருபத்து மூன்று பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள்,
சுளகுகளைக் கவிழ்த்து வைத்து.
ஒருத்தியும் கத்தவில்லை.

தாண்ட முடியாது.
இறக்க முடியாது, கீழே தண்ணீர்.
நின்றோம்.
பிடரியிலிருந்து ஈரம் குறுக்கெலும்புக்கு இறங்கியது.
"எவ்வளவு கனம்?" என்றாள் பாகம்பிரியாள்.
"இப்பச் சொல்லுங்க, செயலாளரே."

சீனி உதுமான்தான் முதலில் திரும்பினார்.
ஒன்றும் பேசவில்லை. வந்த வழியே
தண்ணீரில் நடந்து போய்
மூட்டையை வத்தையில் போட்டார்.
அப்புறம் சூசைமாணிக்கம்.
நான் ஏழாவதோ எட்டாவதோ.

மாலை வெள்ளத்துக்குள் ஏஜெண்டு ஆள் அனுப்பினார்.
ஆறணா. எட்டு இல்லை.

சங்கத்து வெள்ளிவிழா மலரில்
'பதினோரு நாள் போராட்டம்' என்று
நான்குபக்கம் எழுதியது நான்.
தராசு வருகிறது அதில், சந்தனம் வருகிறது,
பீங்கான் கோப்பைகூட வருகிறது.
பன்னிரண்டாம் நாள் இல்லை.

பழைய ரசீதுப் புத்தகம் என்னிடம்தான் இருக்கிறது.
நூற்று நாற்பத்து மூன்றில்
எடைக்கான கட்டம் அப்படியே கிடக்கிறது.
பேனாவைத் திறக்கிறேன்.
அந்தரில் எழுதுவதா, அணாவில் எழுதுவதா.